மூணாவது ரீல்ல ஒரு பொம்பளை

உச்சிப்பொழுது. கொல்லிமலைக்கு ஏறுற ஒத்தையடிப் பாதை. மேல போறவன் ஒருத்தன். கீழ வர்றவன்னு யாருமில்ல.

ஏன் சிரிக்கறே நல்லமுத்து? பேய்க்கதைன்னா நடுராத்திரிலதான் ஆரம்பிக்கணும்னு யாராச்சும் சட்டம் போட்டிருக்காங்களா? இது வெயில்ல வர்ற பேய். வெயில் இல்லைன்னா அதால வரவே முடியாது. ஏன்னு போகப் போக உனக்கே புரியும்.

மொதல்ல அந்தப் பீடியை அணை. நீ சாஞ்சு உக்காந்திருக்கறது பிலிம் பெட்டி. ஒரு பொறி விழுந்தாப் போதும், இந்த டூரிங் கொட்டகையோட நாமளும் போய்ச் சேந்துருவோம். அப்புறம் நம்ம கதையை வேற எவனாவது ராத்திரில உக்காந்து சொல்லிட்டிருப்பான்.

மழை விடற மாதிரி தெரியல. ரெண்டாவது ஆட்டம் முடிஞ்சும் ஊடு போக முடியாம மாட்டிக்கிட்டோம். கிட்ட வாங்க எல்லாரும். மயிலம்மா, முறுக்குக் கூடையை அங்கயே வெச்சுட்டு இப்படித் தள்ளி உக்காரு. அங்க கீத்து ஒழுகுது.

இன்னிக்கு ஓட்டுனமே, இந்தப் படம். சேந்தமங்கலத்துக்கு இன்னிக்குத்தான் வந்திருக்கு, ஆனா நான் இதை வேற ஊர்கள்ல நெறைய ஓட்டிட்டேன். மூணாவது ரீல்ல ஒரு மலைத் திருவிழா வருதில்ல? அந்தக் கூட்டத்துக்கு நடுவுல ஒரு பொம்பளை வருவா. கண்ணை மூடித் தொறக்கற நேரம்தான். அவ கதைதான் இது.

"அந்தக் கெழவியா, ராசப்பண்ணே?"

கெழவி இல்ல மயிலம்மா. சின்ன வயசுப் பொம்பளை. முறுக்கு வித்துக்கிட்டே படம் பாத்தா அப்படித்தான் ஆள் மாறித் தெரியும். நடுவுல பேசாதே, எனக்கு ஓட்டம் கெட்டுப் போயிரும்.

ஆள் யாருன்னா, எங்க அக்கா ஊட்டுக்காரரோட தம்பி, சின்னுசாமி. எனக்கு மச்சான் முறை. சேலத்துல ஒரு படக் கம்பெனில வேலை. என்ன வேலைன்னு கேட்டா எங்க அக்காளுக்கே சொல்லத் தெரியாது. நடிக்கறவன் இல்ல. படம் புடிக்கறவனும் இல்ல. பழைய பிலிம் தேடறவன்.

அப்ப யுத்தம் நடந்துட்டிருக்கு. புது பிலிம் சீமைல இருந்து கப்பல் ஏறி வரணும். வந்ததையும் சர்க்கார் அளந்து அளந்துதான் குடுக்கும். கம்பெனிக்காரங்க என்ன பண்ணுவாங்க? கதைல ஒரு ஆத்து வெள்ளம் வருது, ஒரு யானை ஊர்வலம் வருதுன்னா, புதுசாப் புடிக்க மாட்டாங்க. முன்னாடி எவனாவது புடிச்சு வெச்சிருந்தா அதை வாங்கி நடுவுல ஒட்டிக்குவாங்க. அதைத் தேடிக் கொண்டாறதுதான் சின்னுசாமி வேலை. மூடிப்போன கொட்டகை, ஜமீன் ஊட்டுப் பரண், துரைமாருங்க உட்டுட்டுப் போன பங்களான்னு எங்க தகர டப்பா இருக்குதுன்னு கேள்விப்பட்டாலும் போய் நிப்பான்.

டப்பாவைத் தொறந்ததும் கண்ணால பாக்க மாட்டான். மோந்துதான் பாப்பான். பிலிமைக் கற்பூரம் போட்டுத்தான் செய்யறாங்க, தெரியுமா உங்களுக்கு? கற்பூர வாசம் வந்தா பிலிம் நல்லா இருக்குது. புளிச்ச வாடை வந்தா செத்துப் போச்சு. "உசிரு இருக்குதா இல்லையான்னு மூக்கு சொல்லிரும் மச்சான்"னு எங்கிட்டச் சொல்லுவான். ரொம்ப நல்ல மனுசன். சொன்ன சொல்லைக் காப்பாத்தணும்னு நெனைக்கறவன். அதனாலதான் இவ்வளவு நொந்து போனான்.

கம்பெனிக்கு ஒரு மலைத் திருவிழா வேணும்னாங்க. கொல்லிமலைல காப்பித் தோட்டம் வெச்சிருந்த ஒரு துரை, பொழுதுபோக்குக்குப் படம் புடிக்கற ஆளாம். யுத்தம் வந்ததும் பங்களாவைப் பூட்டிட்டுப் போய்ட்டாராம். டப்பாவெல்லாம் வாட்ச்மேன் ஊட்டுல இருக்குதாம். இது போதாதா சின்னுசாமிக்கு? கட்டுச்சோத்தைக் கட்டிக்கிட்டுக் கெளம்பிட்டான்.

காரவள்ளி அடிவாரத்துல விடியறப்ப ஏற ஆரம்பிச்சவன், சோளக்காட்டுக்கு இந்தப் பக்கம் வர்றப்ப நல்ல உச்சி. பாதை ஒரு பலா மரத்தைச் சுத்தி வளையுது. வளைவு தாண்டுனா அந்தாண்ட ஒரு கூரை ஊடு தெரியுது. அதுதான் வாட்ச்மேன் ஊடு. மிளகுக் கொடி மேல வெயில் சுள்ளுனு விழுது. சில்வண்டு காதைப் பொளக்குது.

சில்வண்டு நின்னுச்சு.

ஒண்ணு ரெண்டு இல்ல... காடு பூராவும் ஒரே நேரத்துல நின்னுச்சு.

அப்புறம் கற்பூர வாசம். சின்னுசாமி பையைத் தொட்டுப் பாக்கறான். பைல பிலிம் ஒண்ணும் இல்ல. துண்டும் கட்டுச்சோறும்தான்.

பலா மரத்துக்கிட்ட ஒரு உருவம். சின்ன உருவம்... இவன் இடுப்பு உசரம்கூட இல்ல. தலைமுடி வெள்ளை வெளேர்னு இருக்குது. கூன் விழுந்து குள்ளமாப் போன கெழவின்னு நெனைச்சான். ஆனா கெழவி ஓடறா. குதிச்சுக் குதிச்சு ஓடறா. காஞ்ச சருகு மேலதான் ஓடறா... ஒரு சருகுகூட நொறுங்கல. காலடிச் சத்தமே இல்ல.

அப்பத்தான் கீழ பாத்தான். உச்சிப்பொழுதுங்கறதால இவன் நெழல் இவன் காலுக்கடியில சுருண்டு கெடக்குது. அவளுக்கு மட்டும் நெழல் நீளமா மேக்கால விழுந்திருக்கு, காலை வெயில்ல விழற மாதிரி. அதுவும் கறுப்பா இல்ல... வெள்ளையா. மண்ணுல அரிசி மாவைக் கொட்டி இழுத்த மாதிரி ஒரு வெள்ளை நெழல்.

ஓடுனா. கூரை ஊட்டு வாசல் வரைக்கும் ஓடி, வாசப்படி தாண்டி உள்ள போய்ட்டா. சில்வண்டு மறுபடியும் கத்த ஆரம்பிச்சுது.

திரும்பி எறங்கிரலாம்னுதான் பாத்தான். ஆனா அதுக்குள்ள நாய் கொலைச்சு, வாட்ச்மேன் வெளிய வந்துட்டாரு. அர்த்தனாரின்னு பேரு. சாமை வெள்ளாமை செய்யற மலைக்காரரு, துரை பங்களாவுக்கும் காவல். பின்னாடியே அவரு பொஞ்சாதி பாவாயி. தண்ணி குடுத்தாங்க. குடிச்சுட்டு மெதுவாக் கேட்டான், "ஊட்டுல வேற பெரியவிய யாராச்சும் இருக்காங்களா?"

"இல்லீங்க. நாங்க ரெண்டு பேருதானுங்க"ன்னாங்க பாவாயி.

இவன் டப்பாவைப் பத்திக் கேட்டான்.

டப்பாவெல்லாம் எங்க வெச்சிருந்தாங்க தெரியுமா? சாமை கொட்டற குதிருக்குள்ள, தானியத்துக்கு நடுவுல பொதைச்சு வெச்சிருந்தாங்க. அந்த மலைக் குளிருக்கும் சாமைக்கும், பிலிம் நேத்துக் கழுவுன மாதிரி இருந்துச்சாம். அர்த்தனாரி ஒண்ணொண்ணா எடுத்து வெக்கறாரு. அறப்பளீஸ்வரர் கோயில் ஆடித் திருவிழா. கூட்டம், மேளம், அருவிக்கரை எல்லாம் இருக்குது. சின்னுசாமிக்கு சந்தோசம். எல்லாத்தையும் குடுக்க அவருக்குச் சம்மதம்தான். துரை திரும்பி வரப் போறதில்லைன்னு அவருக்கும் தெரிஞ்சு போச்சு.

கடைசியா ஒரு டப்பா. அதை பாவாயி மடில வெச்சுக்கிட்டாங்க.

"இது வேண்டாம் சாமி. இதுல எங்க கண்ணு இருக்குது."

அவியளுக்கு ஒரே பொண்ணு. அத்தாயின்னு பேரு. ஒரு ஆடித் திருவிழா அன்னிக்குக் காலையில, துரை கோயிலுக்குப் போற வழியில இந்த ஊட்டு வாசல்ல கேமராப் பொட்டியை நிறுத்திப் படம் புடிச்சிருக்காரு. பலா மரத்துக்கிட்ட இருந்து கொழந்தை ஓடி வருது. பொட்டியை இந்தப் பக்கம் திருப்புனா, பாவாயி குனிஞ்சு ரெண்டு கையையும் நீட்டிட்டு நிக்கறாங்க. கொழந்தை வந்து அந்தக் கையில விழுது. விழுந்ததும் தலையைத் திருப்பி நம்மளப் பாக்குது. அவ்வளவுதான் படம்.

துரை அச்சுப் போட்டுக் கொண்டாந்து பங்களாவுல வேட்டியைத் திரையாக் கட்டிக் காட்டுனாராம். தன்னையே பாத்துட்டு அத்தாயி கை தட்டுச்சாம்.

"அன்னிக்குத் திருவிழாவுல வளையல் கேட்டாளுங்க. வாடி, அருவிக்கு நேரமாச்சு, அடுத்த ஆடிக்குப் போட்டுக்கலாம் கண்ணுன்னு இழுத்துட்டு வந்துட்டனுங்க." பாவாயி அந்த டப்பாவைத் தடவிக்கிட்டே சொன்னாங்களாம். "கார்த்திகைல காய்ச்சல் வந்துச்சு. அந்தப் பலா மரத்தடியிலதானுங்க வெச்சிருக்கோம்."

துரை போறப்ப அச்சுப் போட்டதைத் தன்னோட எடுத்துட்டு, படம் புடிச்ச மூல பிலிமை இவியகிட்டக் குடுத்துட்டுப் போய்ட்டாரு. மெசின் இல்ல. இவிய என்ன பண்ணுவாங்க பாவம்? வருசா வருசம் ஆடில அந்த டப்பா முன்னாடி சாமைச் சோறு வெச்சுக் கும்புட்டுட்டு, பிலிமை உருவி வெயிலுக்கு நேராப் புடிச்சுப் பாப்பாங்களாம். விரல் நகம் அளவுக்கு அத்தாயி. இதுல காலைத் தூக்கறா, இதுல சிரிக்கறான்னு ஒண்ணொண்ணா விரலை நகத்தி நகத்திப் பாப்பாங்களாம். கடைசில கையில வந்து விழற எடம் வர்ற வரைக்கும் கீழ வெக்க மாட்டாங்களாம்.

அப்புறம் பாவாயி ஒண்ணு கேட்டாங்க.

"நீங்க இந்தத் தொழில்ல இருக்கறவிய. உங்களுக்குத் தெரியும். தொரை துணில காட்டறப்ப எம் பொண்ணுக்கு முடி கருகருன்னு இருந்துச்சுங்க. இப்பப் பாத்தா நரைச்சுப் போச்சு. பல்லெல்லாம் கறுத்துப் போச்சு. டப்பாவுக்குள்ளயே வயசாகுதுங்களா அவளுக்கு? நாங்க சரியாச் சோறு வெக்கலீங்களா?"

அது நெகட்டிவ், நல்லமுத்து. மூல பிலிம் அப்படித்தான் இருக்கும். கறுப்பெல்லாம் வெள்ளையாத் தெரியும், வெள்ளையெல்லாம் கறுப்பாத் தெரியும். நமக்கு இது சாதாரணம். அந்தத் தாய்க்கு யாரு சொல்றது? இத்தனை வருசமா, செத்த கொழந்தை தனியாக் கெடந்து கெழவியாகிட்டிருக்குதுன்னு நெனைச்சு அழுதிருக்கா.

சின்னுசாமி பிலிமை வாங்கி வெயிலுக்கு நேராப் புடிச்சான். கற்பூர வாசம் அடிச்சுது. வெள்ளை முடியோட ஒரு கொழந்தை பலா மரத்துக்கிட்ட இருந்து ஓடி வருது. கீழ நெழல்... நீளமா, மேக்கால, வெள்ளையா.

பிலிமைச் சுருட்டி டப்பாவுல வெச்சான். வர்ற வழியில பாத்ததை அவியகிட்டச் சொல்லல. என்னன்னு சொல்லுவான்?

"அம்மா, உங்க பொண்ணுக்கு வயசாகல. இது பாதி வேலைதான், இன்னும் அச்சுப் போடணும். எங்கிட்டக் குடுங்க. அடுத்த ஆடிக்குள்ள, கருப்பு முடியோட கொண்டாந்து குடுக்கறேன். மெசினும் தூக்கிட்டு வந்து துணில காட்டறேன். பொண்ணு ஓடியாந்து உங்க கையில விழறதை நீங்க பாக்கலாம்"னான். மனசாரத்தான் சொன்னான். ஏமாத்தணும்னு ஒரு துளி நெனைப்பு இல்ல.

பாவாயி தன்னோட பழைய சேலையைக் கிழிச்சு டப்பாவைச் சுத்துனாங்க. கொழந்தையைச் சுத்தற மாதிரியேதான் சுத்துனாங்களாம். கையில குடுக்கறப்ப சொன்னாங்க, "தலைகீழாத் தூக்கிராதீங்க சாமி. அவளுக்கு மயக்கம் வரும்."

மலை எறங்கற வரைக்கும் அதை நெஞ்சோட நிமித்தி அணைச்சுக்கிட்டேதான் வந்தான், மத்த டப்பாவெல்லாம் முதுகுல. பலா மரத்து வளைவுல சில்வண்டு நின்னுச்சு. அது அங்க இருந்துச்சு. ஓடல. இந்தத் தடவை ஓடாம நின்னுச்சு. இவன் கையில இருக்கற டப்பாவையே பாத்துட்டு நின்னுச்சு. இவன் திரும்பிப் பாக்காம எறங்கிட்டான்.

கம்பெனிக்கு வந்ததும் திருவிழா டப்பாவெல்லாம் எடிட்டர்கிட்டக் குடுத்தான். சேலை சுத்துன டப்பாவைத் தனியாக் குடுத்து, இதைத் தொடாதீங்க சார், எனக்கு ஒரு அச்சு மட்டும் போட்டுக் குடுங்கன்னு படிச்சுப் படிச்சுச் சொன்னான். சரின்னுதான் தலையாட்டுனாரு. மறுநாளே இவனைத் தேர்த் திருவிழா பிலிம் தேடி மதுரைப் பக்கம் அனுப்பிட்டாங்க.

எடிட்டரைக் கெட்டவன்னு சொல்ல மாட்டேன். அவருக்கும் மேல இருந்து நெருக்கடி. படத்துல ஒரு எடத்துல, கூட்டத்துல தொலைஞ்ச புள்ளையைத் தாய் தேடற காட்சி இருக்குது. பொருத்தமா ஒண்ணும் கெடைக்கல. அந்த நேரத்துல இந்த டப்பாவைத் தொறந்து பாத்திருக்காரு. ஒரு பொம்பளை குனிஞ்சு ரெண்டு கையையும் நீட்டறா... அந்த மொகத்துல இருக்கற ஆசையை எந்த நடிகையால கொண்டு வர முடியும்? எடுத்துக்கிட்டாரு.

கொழந்தையையும் சேத்து எடுத்திருக்கலாமில்ல? எடுக்க முடியாது. கொழந்தை பொட்டியைப் பாக்குது. நம்மளப் பாக்குது. படத்துல யாராச்சும் பொட்டியைப் பாத்துட்டா அந்தத் துண்டு ஒதவாது. பாக்கறவங்களுக்கு இது படம்னு தெரிஞ்சு போயிரும். அதனால பாவாயி கையை நீட்டறதை மட்டும் வெச்சுக்கிட்டு, கொழந்தை கால் உள்ள வர்ற எடத்துல கத்திரி போட்டுட்டாரு. மூல பிலிமையே வெட்டி ஒட்டிட்டாரு. மிச்சத்தைக் கழிவுக் கூடைல போட்டாச்சு. கூடை ரொம்புனா வளையல் பட்டறைக்காரன் வந்து அள்ளிட்டுப் போயிருவான்.

ஆமா, வளையல் பட்டறை. உங்க ஊட்டுப் பொண்ணுங்க கையில போட்டிருக்கறது பாதி நாங்க ஓட்டிக் கழிச்ச பிலிம்தான். சோடாக்காரம் போட்ட சுடுதண்ணில கொதிக்க வெச்சா, மேல இருக்கற படமெல்லாம் கரைஞ்சு போயிரும். கண்ணாடியாட்டம் வெறும் பட்டை நிக்கும். அதை வெட்டி வளைச்சுச் சாயம் போட்டா வளையல்.

சின்னுசாமி திரும்பி வந்து கேட்டான். கூடை காலி. சண்டை போடல, சத்தம் போடல. செருப்புகூடப் போடாம பட்டறைக்கு ஓடுனான்.

பட்டறை முத்தத்துல கொடி கட்டி, கழுவுன பிலிமெல்லாம் காயப் போட்டிருக்காங்க. வெயில்ல பளபளன்னு ஆடுது. இவன் ஒவ்வொண்ணாப் புடிச்சு வெயிலுக்கு நேராத் தூக்கிப் பாக்கறான். ஒண்ணுமில்ல. அடுத்ததுலயும் ஒண்ணுமில்ல. எல்லாத்துலயும் அந்தாண்ட இருக்கற வானம்தான் தெரியுது. அப்புறம் மோந்து பாத்தான்... எல்லாத்துலயும் கற்பூரம். உசிரு இருக்குதுன்னு மூக்கு சொல்லுது. கண்ணு இல்லைங்குது. அந்த முத்தத்துலயே உக்காந்து அழுதுட்டான். நல்லா வளந்த ஆம்பளை.

அங்க வேலை செய்யற மாதம்மாள்னு ஒரு அம்மா வந்து என்னான்னு கேட்டாங்க. சொன்னான். அவங்க ஒரு கொடியைக் காட்டி, "உங்க கம்பெனில இருந்து வந்தது இந்தக் கொடில கெடக்கறதுதானுங்க. இதுல எதுன்னு என்னால சொல்ல முடியாதுங்க"ன்னாங்க. அப்புறம் என்ன நெனைச்சாங்களோ, அதுல ஒரு பட்டையை எடுத்து வெட்டி வளைச்சு, கொழந்தை கைக்கு ஆகற மாதிரி ரெண்டு வளையல் பண்ணிக் குடுத்தாங்க. சாயம் போடப் போனாங்க. வேண்டாங்கன்னு சொல்லி அப்படியே வாங்கிக்கிட்டான்.

ஆடி வந்துச்சு. போகாம இருந்திருக்கலாம். யாரு கேக்கப் போறா? ஆனா போனான்.

அதே உச்சிப்பொழுது. அதே பலா மரம். சில்வண்டு நின்னுச்சு. கற்பூர வாசம் வந்துச்சு. வளைவுல பாத்தான்... யாருமில்ல.

நெழல் மட்டும் இருந்துச்சு.

மண்ணுல ஒரு சின்ன வெள்ளை நெழல், குதிச்சுக் குதிச்சு ஓடுது. அதுக்கு மேல ஆளில்ல. ஊட்டு வாசல் வரைக்கும் ஓடுது. வாசப்படிகிட்ட வந்ததும் நிக்குது... தாண்ட முடியல. அடுத்த நொடி மறுபடியும் பலா மரத்துக்கிட்ட இருக்குது. மறுபடியும் ஓடியாருது. மறுபடியும் வாசப்படிகிட்ட நின்னு போகுது. கையில வந்து விழற துண்டுதான் இல்லையே. அது எங்க போயிச் சேரும்?

அந்த வாசப்படிலதான் பாவாயி உக்காந்திருந்தாங்க. சாமைச் சோறு ஆக்கி எலைல வெச்சுட்டு, இவன் வர்ற பாதையைப் பாத்துக்கிட்டு. ஒரே வருசத்துல தலைமுடி பூராவும் நரைச்சுப் போச்சு அவியளுக்கு. டப்பா ஊட்டுல இல்லாத வருசம். கால்கிட்ட வந்து வந்து நிக்கற நெழல் அவிய கண்ணுக்குத் தெரியல. நாய் மட்டும் அந்த எடத்தையே பாத்துட்டு மொனகுச்சாம்.

"வந்துட்டீங்களா சாமி. எம் பொண்ணு வந்துட்டாளுங்களா?"

சின்னுசாமி எல்லாத்தையும் சொன்னான். எதையும் மறைக்கல. நெழலை மட்டும் சொல்லல. உங்க பொண்ணு இதோ உங்க காலடில நிக்குதுன்னு சொல்லியிருக்கலாமா? தெரியல. நானா இருந்தாலும் சொல்லியிருக்க மாட்டேன்னுதான் நெனைக்கறேன். அர்த்தனாரி எந்திரிச்சு ஊட்டுக்குள்ள போய்ட்டாரு.

பாவாயி அந்த ரெண்டு வளையலையும் வாங்கி, பிலிமைப் புடிச்சுப் பாக்கற மாதிரியே வெயிலுக்கு நேராத் தூக்கிப் பாத்தாங்க. திருப்பித் திருப்பிப் பாத்தாங்க. "ஒண்ணும் தெரியலீங்களே"ன்னாங்க. அப்புறம் மூக்குகிட்டக் கொண்டு போனாங்க. அந்த வாசத்துல அவிய மொகம் மாறிப் போச்சாம்.

"கேட்ட வளையல் வந்துருச்சு அவளுக்கு"ன்னாங்க.

கோவமில்லாம, நெசமாவே புரியாம கேட்டாங்களாம். "நான் கையை நீட்டுனதை மட்டும் வெச்சுக்கிட்டாங்களா? புள்ளை இல்லாம அந்தக் கை எதுக்குங்க அவியளுக்கு?"

வளையலை மடில முடிஞ்சுக்கிட்டே இன்னொண்ணு கேட்டாங்க.

"அந்தப் படம் ஓடற ஊர்ல எல்லாம் நான் கையை நீட்டிட்டேதான் நிக்கறனுங்களா?"

"ஆமாங்கம்மா."

"அப்பச் சரிங்க"ன்னாங்க. "எங்க சுத்துனாலும் என்னைக் கண்டுபுடிச்சுருவா."

அவ்வளவுதான் அவன் சொன்னது. இந்தப் படத்தோட நான் ஒரு ஊர்ல இருக்கறப்ப தேடி வந்து, ஆபரேட்டர் ரூம்ல என் பக்கத்துல உக்காந்துதான் சொன்னான். மூணாவது ரீல் ஓடுச்சு. அந்த எடம் வந்ததும் மொகத்தை மூடிக்கிட்டான். வேலையை உட்டுட்டான். இப்ப ஒரு அரிசி மில்லுல இருக்கான். கற்பூரம் ஏத்தற எடத்துல நிக்க மாட்டான், கோயிலுக்கே போறதில்லைன்னு எங்க அக்கா பொலம்புது.

அதுல இருந்து நானும் அந்த எடம் வந்தா மொகத்தைத் திருப்பிக்குவேன். மெசின் வெளக்குக் கார்பனை நிமிண்டற மாதிரி பாவலா பண்ணிக்குவேன். அந்த வெறுங்கையை எத்தனை தடவை பாக்கறது? கை நீளும், ஆசையா நீளும், அதோட வெட்டு. இன்னிக்கும் நான் பாக்கல.

மழை கொஞ்சம் கொறைஞ்சிருக்கு. கெளம்பலாமா? மயிலம்மா, என்ன ஆச்சு உனக்கு? ஏன் இப்படி முழிக்கறே?

"அண்ணே... அப்ப நான் பாத்தது யாருங்கண்ணே?"

என்ன பாத்தே?

"கெழவிதானுங்கண்ணே. நான் வெள்ளித்திரைக்குக் கிட்டவே தரைல உக்காந்திருந்தேன், நல்லாப் பாத்தேன். தலை பூராவும் நரை. கை நீட்டல. இடுப்புல ஒரு பொண்ணைத் தூக்கி வெச்சிருந்தா."

பாவாயிக்கு அந்தப் படத்துல முடி கருப்பு மயிலம்மா. சின்ன வயசு. படத்துல இருக்கறவங்களுக்கு நரைக்காது. நீ வேற எதையோ...

நல்லமுத்து. இன்னிக்கு டிக்கெட் கிழிக்க வாசல்ல நீதானே நின்னே. மலைல இருந்து யாராச்சும் எறங்கியிருந்தாங்களா?

"சோளக்காட்டுப் பக்கத்து ஆளுங்க கொஞ்சப் பேரு சந்தைக்கு வந்துட்டு, படம் பாக்கலாம்னு வாசல்கிட்ட நின்னாங்கண்ணா. பொழுது சாய ஒருத்தன் ஓடியாந்து என்னமோ சொன்னான். ஊர்ல ஒரு எழவுன்னு எல்லாரும் மலை ஏறிட்டாங்க."

யாரு எழவுன்னு கேட்டியா?

"கேக்கலீங்கண்ணா. யாரோ வயசான அம்மான்னாங்க."

யாரும் எந்திரிக்காதீங்க. கொஞ்சம் இருங்க. மயிலம்மா, அந்தப் பொண்ணுக்கு... இடுப்புல இருந்த பொண்ணுக்கு முடி என்ன நெறம்?

"கருகருன்னு இருந்துச்சுங்கண்ணே. நெறைய முடி."

அப்புறம்? சொல்லு மயிலம்மா.

"தலையைத் திருப்பி நம்மளயே பாத்துச்சு. நான் சிரிச்சேன், அதுவும் சிரிச்சுது. அப்புறம் ரெண்டு கையையும் தூக்கி ஆட்டிக் காமிச்சுதுங்கண்ணே. கைக்கு ஒண்ணா, கண்ணாடியாட்டம் வளையல்."